பென்சில் போட்ட வெளிச்சம்

அழைப்பிதழ் நல்ல கனமான அட்டை. நான் முன்னாடி வேலை பார்த்த போட்டோ ஸ்டூடியோ முதலாளியோட மகன் அதை ரெண்டு கையாலயும் நீட்டினான், ஏதோ எனக்குப் பட்டம் குடுக்கிற மாதிரி. பிரிச்சுப் பார்த்தேன். "பெண் முகத்துக்கு ஒளி தந்த கை" அப்படின்னு பெருசா மேல போட்டிருந்தது. கீழ முதலாளி, கேமரா மேல ஒரு கையை வெச்சுக்கிட்டு நிக்கிறாரு.  கையாம். யாரு கை?

அந்தக் கை இதோ, என்கிட்டதான் இருக்கு. இடது கை. பென்சிலை அழுத்தி அழுத்தி நடுவிரல்ல விழுந்த காய்ப்பு இன்னும் போகல. ஸ்டூடியோவுல எனக்குப் பேரே பென்சில்தான். என் சொந்தப் பேரு சம்பளத்தன்னிக்குக் கூட யாருக்கும் ஞாபகம் வராது.

"ஆன்ட்டி, அப்பாவோட நெகட்டிவ் எல்லாம் பெட்டியில பூஞ்சை பிடிச்சுக் கிடக்கு. நூத்திப் பன்னெண்டு முகம் கண்காட்சிக்கு எடுத்து வெச்சிருக்கோம். சுத்தம் பண்ணிக் குடுக்க உங்களை விட்டா ஆள் இல்லை. லேப்ல கண்டிப்பா சொல்லிட்டேன், கம்ப்யூட்டர்ல ஒரு புள்ளியைக் கூட மாத்தக்கூடாது, நெகட்டிவ்ல இருக்கிறது அப்படியே வரணும்னு. அப்பா கைவேலை ஆச்சே."

"அப்படியேவா?"

"அப்படியே."

பையன் தங்கமான பையன். மூணு வயசுல என் மேஜைக்கு அடியில உட்கார்ந்து பென்சில் சீவிக் குடுப்பான். அவன்மேல எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. சரி, பண்ணித் தரேன்னு சொல்ல வாயைத் திறந்தேன். அட்டையைத் திருப்பினேன். 

பின்பக்கம் அந்த விளம்பரம். நாற்பத்தோரு வருஷத்துக்கு முந்தின முகக் க்ரீம் விளம்பரம். இடது பக்கம் ஒரு பொண்ணு, கீழ 'முன்பு'. வலது பக்கம் இன்னொரு பொண்ணு, கீழ 'பின்பு'. இடது பக்கத்துல இருக்கிறவ என் தங்கச்சி.

"இதான் ஆன்ட்டி நிகழ்ச்சியோட ஹைலைட்," பையன் உற்சாகமா சொன்னான். "இந்த ரெண்டு படத்துக்கும் துணி போட்டு மூடி வெச்சு, அப்பா கையால திறக்கிறோம். முன்பு, பின்பு ரெண்டு பேரையும் மேடைக்குக் கூப்பிட்டிருக்கோம். உங்க தங்கச்சி வரேன்னு சொல்லிட்டாங்க."

என் தங்கச்சி வரேன்னு சொன்னாளாம். எனக்குக் காதுல விழுந்ததை நம்பவே முடியல.

*

இப்போ செல்போன்ல விரலால ஒரு தேய் தேய்ச்சா மூஞ்சி வெளுத்துடுது. எங்க காலத்துல அதுக்கு ஒரு ஆள் உட்காரணும். அந்த ஆள் நான். சாய்வா ஒரு கண்ணாடி மேஜை, கண்ணாடிக்குப் பின்னால பல்பு, கண்ணாடி மேல நெகட்டிவ். அதுக்கு டச்சிங்னு பேரு.

நெகட்டிவ்ல எல்லாம் தலைகீழ். கறுத்த முகம் வெளுப்பாத் தெரியும், வெளுத்த முகம் கறுப்பாத் தெரியும். அதுமேல பென்சிலால பொட்டு பொட்டாக் கறுப்பு வெச்சா, பிரிண்ட்ல அந்த இடம் வெளுக்கும். முகம் மொத்தமும் வெளுக்கணும்னா சிவப்பு மையைத் தண்ணியாக் கரைச்சுப் பிரஷ்ஷால பூசணும். கறுக்கணும்னா மட்டும் ப்ளேடு. முனையால லேசாச் சுரண்டினாப் போதும். இதுல ஒரு விஷயம் இருக்கு. பென்சிலும் மையும் மேல உட்கார்றது, பஞ்சுல மருந்தைத் தொட்டுத் துடைச்சாப் போயிடும். ப்ளேடு அப்படி இல்லை. சுரண்டினது சுரண்டினதுதான்.

ஸ்டூடியோவுல காத்திருக்கிற அறைச் சுவர் முழுக்கப் பத்திரிகை அட்டைப்படம் ஒட்டியிருப்பாங்க. எல்லாம் நடிகைங்க. எல்லாம் பால் குடத்துல முக்கி எடுத்த மூஞ்சி. வர்ற பொண்ணு ஒவ்வொருத்தியும் ஒரு படத்தைக் காட்டி, இவங்க மாதிரின்னு சொல்லுவா. கன்னத்துல கையை வெச்சுக்கிட்டு ஒண்ணு, கம்பியே இல்லாத டெலிபோனைக் காதுல வெச்சுச் சிரிச்சுக்கிட்டு ஒண்ணு. பாட்டுல பொண்ணுன்னா நிலா, பொண்ணுன்னா தந்தம். கறுப்பா ஒருத்தி திரையில வந்தா, அவ வாயைத் திறக்கிறதுக்கு முன்னாடியே தியேட்டர் சிரிச்சிடும், ஏன்னா அவ காமெடியனுக்கு ஜோடின்னு எல்லாருக்கும் தெரியும். இதையெல்லாம் வாராவாரம் பார்த்துட்டு வர்ற அம்மாக்கள் என் மேஜைக்கிட்ட வந்து குனிஞ்சு, "கொஞ்சம் பார்த்துப் பண்ணும்மா, கல்யாணத்துக்குப் போட்டோ" அப்படின்னு கிசுகிசுப்பாங்க.

நானும் பார்த்துப் பண்ணுவேன். போட்டோ மாப்பிள்ளை வீட்டுக்குப் போகும். அவங்க கிளம்பி வந்து பொண்ணைப் பார்ப்பாங்க, கையில இருக்கிற போட்டோவைப் பார்ப்பாங்க, மறுபடி பொண்ணைப் பார்ப்பாங்க, டீயைக் குடிச்சிட்டுப் போயிடுவாங்க. இதை எத்தனை பேரு என்கிட்ட வந்து அழுதிருக்காங்க தெரியுமா? ஒருத்தி கூட, ஏன் என்னை இப்படி வெளுக்க வெச்சேன்னு கேட்டதில்லை. இன்னும் கொஞ்சம் வெளுப்பாப் போட்டிருக்கலாமேன்னுதான் கேட்டாங்க.

இத்தனைக்கும் பேரு முதலாளிக்கு. "அவரு லைட்டிங்கே தனி" அப்படின்னு ஊரே சொல்லும். லைட்டிங்காம். ரெண்டு பல்பும் ஒரு குடையும். மீதி எல்லாம் நான் கண்ணைக் கெடுத்துக்கிட்டுப் போட்டது. அவரு சொந்த மூஞ்சியைக் கூட நான்தான் வெளுக்க வெச்சேன், வாசல்ல மாட்டின படத்துக்காக. மனுஷன் அடுப்புக்கரி நிறம், கன்னம் முழுக்க அம்மைத் தழும்பு. பெட்டி நிறைய அவரு படம் கிடக்கும். ஒவ்வொரு தடவையும் லைட் சரியா இருக்கான்னு பார்க்க, முதல்ல அவரே ஸ்டூல்ல உட்காருவாரு, நான் ஒண்ணு எடுப்பேன். அப்புறம்தான் வந்தவங்களை உட்கார வெப்போம்.

*

தங்கச்சிக்கு அப்போ பதினேழு வயசு. எனக்கு இருபத்திநாலு. எனக்கு மதியச் சாப்பாடு கொண்டு வருவா. முதலாளி ஒரு நாள் அவளை உட்காரச் சொன்னாரு. வழக்கம் போல அவரு முதல்ல உட்கார்ந்தாரு, நான் ஒண்ணு எடுத்தேன். அப்புறம் அவளை உட்கார வெச்சு, லைட்டைக் கீழ இறக்கி, முகம் கறுப்பா விழறதுக்கு லென்ஸ் மேல நீலக் கண்ணாடி போட்டு எடுத்தாரு. மறுநாள் அந்த நெகட்டிவை என் மேஜையில வெச்சாரு.

"க்ரீம் கம்பெனி விளம்பரம். இதைக் கொஞ்சம் கறுப்பாக்கு. கண்ணுக்குக் கீழ, கன்னத்துல திட்டுத் திட்டா. அப்புறம் அவளையே நல்ல லைட்ல எடுத்து நீ வெளுக்க வெச்சுக் குடு. முன்பும் அவதான், பின்பும் அவதான். ஊரெல்லாம் உன் தங்கச்சிதான் அழகி."

நான் நம்பிட்டேன். நம்பினது மட்டும் இல்லை, சந்தோஷப்பட்டேன். என் தங்கச்சி நடிகை மாதிரி சுவருல சிரிப்பான்னு நினைச்சுக்கிட்டுத்தான் ப்ளேடை எடுத்தேன். அன்னிக்கு நான் சுரண்டினது அரை மணி நேரம். கை நடுங்கவே இல்லை. அதை நினைச்சாத்தான் இன்னிக்கும் எனக்கு என்னையே பிடிக்காமப் போயிடும்.

ரெண்டாவது படம் எடுக்கவே இல்லை. ஒரு மாசம் கழிச்சுப் போஸ்டர் வந்துது. 'முன்பு' என் தங்கச்சி. 'பின்பு' முதலாளியோட அக்கா பொண்ணு. அந்தப் பொண்ணு படத்தையும் நான்தான் வெளுக்க வெச்சேன், கல்யாணப் போட்டோன்னு சொல்லிக் குடுத்தாரு. அவளும் என் தங்கச்சி நிறம்தான். நெகட்டிவைப் பார்த்த எனக்குத் தெரியாதா?

பஸ் முதுகுல, தியேட்டர் வாசல்ல, மருந்துக்கடை ஷட்டர்ல, பத்திரிகை நடுப்பக்கத்துல, எங்க பார்த்தாலும் என் தங்கச்சி கறுத்துப்போய் நின்னா. படம் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி ஸ்லைடு வேற போட்டான். தெருவுல பசங்க 'முன்பு' 'முன்பு'ன்னு கத்திக்கிட்டே பின்னாடி வந்தாங்க. கல்லூரியில அதுவே பேராயிடுச்சு. டிவி அப்போதான் வந்த புதுசு. அவளுக்குச் செய்தி வாசிக்கணும்னு ஆசை. குரல் அப்படி இருக்கும், தண்ணி ஊத்தின மாதிரி தெளிவா. இன்டர்வியூவுக்குப் போனா. உள்ள உட்கார்ந்திருந்த மூணு பேருல ஒருத்தன் அவளைப் பார்த்ததும் சிரிச்சிட்டானாம். "பின்பு ஆனதும் வாங்க" அப்படின்னானாம். வாசிக்கச் சொல்லவே இல்லை.

அவ நேரா டெலிபோன் எக்ஸ்சேஞ்சுல வேலைக்குச் சேர்ந்தா. அங்க மூஞ்சி வேண்டாம், குரல் போதும். முப்பது வருஷம் ஹெட்போனை மாட்டிக்கிட்டு யாரோ ரெண்டு பேருக்கு லைன் போட்டுக் குடுத்துட்டே இருந்தா.

அதுக்கப்புறம் அவ ஒரு போட்டோ எடுத்துக்கிட்டதில்லை. அவ கல்யாணத்துக்கு நான் கேமராவோட போனேன். வந்து லென்ஸ் மேல உள்ளங்கையை வெச்சு மூடினா.  அவ பையன் பொறந்தப்போ, பள்ளிக்கூடம் சேர்ந்தப்போ, எப்போ கேட்டாலும் வேண்டாம். அவ வீட்டுச் சுவரைப் பார்த்தா காலண்டர், கடிகாரம், அவ்வளவுதான். முதலாளிமேல இருக்கிற கோபம்னு நான் நினைச்சேன். எனக்குன்னு மிஞ்சின அவ படம் ஒண்ணே ஒண்ணுதான், பெட்டியில கிடந்த அந்த 'முன்பு'.

போஸ்டர் வந்த அன்னிக்கு நான் சும்மா இருந்தேன்னு நினைக்காதீங்க. நேரா உள்ள போய் நாக்கைப் பிடுங்கிக்கிற மாதிரி கேட்டேன். அவரு சிகரெட்டைக் கீழ கூட வைக்கல.

"ப்ளேடு யாரு கையில இருந்துச்சு பென்சில்? உன் தங்கச்சிகிட்ட நான் சொல்லட்டா, நீ சொல்றியா?"

அவ்வளவுதான். நான் போய் என் மேஜையில உட்கார்ந்துட்டேன். அப்படியே பத்தொன்பது வருஷம், கடையை மூடுற வரைக்கும் உட்கார்ந்திருந்தேன். அம்மா அப்பா இல்லாத எனக்கு அவ ஒருத்திதான் சொந்தம். விஷயம் தெரிஞ்சு அவளும் என்னை விட்டுப் போயிட்டா, எனக்குன்னு யாரு இருக்கா?

*

அழைப்பிதழ் வந்த மறுநாள் முதலாளி வீட்டுக்குப் போனேன். எழுபத்தெட்டு வயசு. சாய்வு நாற்காலி, மடியில தலையணை. மூஞ்சி சுருங்கிப் போச்சு, திமிரு சுருங்கல.

"சார், அந்த ஒரு படம் வேண்டாம். மீதி நூத்திப் பதினொண்ணும் நான் பளபளன்னு ஆக்கித் தரேன். அதை மட்டும் எடுத்துடுங்க."

"அதுதான் உயிரே. அதை எடுத்தா மீதி வெறும் கல்யாணப் போட்டோ."

"அவ பட்டது போதும் சார்."

"பட்டாளா? என்ன பட்டா? ஓசியில பேரு வந்துது. ஊருக்கே தெரிஞ்ச மூஞ்சி ஆனா." காலை நீட்டிக்கிட்டாரு. "மேடையில நான் ரெண்டு வார்த்தை பேசணும். பழைய கதை எல்லாம் சொல்லலாம்னு இருக்கேன். ப்ளேடு கதையையும் சொல்லலாம்தான். உன் இஷ்டம். வேலையை ஒழுங்கா முடிச்சுக் குடுத்தேன்னா நான் எதுக்குத் தேவையில்லாம வாயைத் திறக்கப்போறேன்?"

நாற்பத்தோரு வருஷம் கழிச்சு அதே கயிறு, அதே கழுத்து. வீட்டுக்கு நடந்தே வந்தேன். ரத்தம் கொதிச்சதுல பஸ் ஏறணும்னு கூடத் தோணல. வர்ற வழியில ஒண்ணு மட்டும் தீர்மானமாச்சு. அவரு சொன்னாச் சொல்லட்டும். தங்கச்சி என்னை விட்டுட்டுப் போனாப் போகட்டும். ஆனா இந்த ஆளு என் கையை அவரு கைன்னு சொல்லிக்கிட்டு மாலை போட்டுக்கிறதை நான் பார்த்துட்டு இருக்க மாட்டேன்.

பெட்டி மறுநாள் வந்துது. குளியலறை ஜன்னலுக்குக் கறுப்புத் துணி கட்டினேன், படத்தைப் பெருசாக்குற பழைய என்லார்ஜரைத் தூசி தட்டினேன். மேஜையைப் போட்டு, பல்பைப் போட்டு, பஞ்சை எடுத்தேன். முதல் முகம் ஒரு கல்யாணப் பொண்ணு. மூக்கு மேல, நெத்தி மேல, தாடை ஓரம் எல்லாம் என் பென்சில். எவ்வளவு பொறுமையாப் போட்டிருக்கேன், பார்க்கப் பார்க்க எனக்கே ஆச்சரியமா இருந்துச்சு. மருந்தைத் தொட்டு ஒரு இழு இழுத்தேன். பஞ்சு கறுத்துப் போச்சு. அடியில ஒரு பொண்ணு இருந்தா. தூக்கம் கெட்ட கண்ணு, மேலுதட்டுல லேசா முடி, வலது கன்னத்துல ஒரு பருத் தழும்பு. நல்லா இருந்தா.

பதினோரு நாள். நூத்திப் பதினொரு முகம். குப்பைக் கூடை முழுக்கக் கரியும் சிவப்பும். பூஞ்சையும் போச்சு, அது நான் ஒத்துக்கிட்ட வேலை. நான் எதையும் புதுசா வைக்கல, எதையும் கெடுக்கல. நான் வெச்சதை நான் எடுத்துக்கிட்டேன். இடையில ரெண்டு தடவை பையன் போன் பண்ணி, "எப்படி வருது ஆன்ட்டி?"ன்னான். அசலா வருதுடான்னேன்.

தங்கச்சி நெகட்டிவைக் கடைசியாத்தான் எடுத்தேன். எனக்குள்ள ஒரு நப்பாசை. பஞ்சால தொட்டேன், துடைச்சேன், மெதுவா, அழுத்தி, மறுபடியும் மெதுவா. ஒண்ணும் நடக்கல. எல்லார் முகத்துல இருந்தும் என் வேலை போச்சு, இவ முகத்துல இருந்து மட்டும் போகல. நான் சுரண்டின ஒவ்வொரு கோடும் அப்படியே இருந்துது. பஞ்சைக் கீழ போட்டுட்டு அழுதேன். நல்லா வாய்விட்டு அழுதேன்.

அப்புறம் மூஞ்சியைக் கழுவிட்டு பையனுக்குப் போன் பண்ணேன். "அந்த 'முன்பு' நெகட்டிவ் உரிஞ்சு போற நிலைமையில இருக்கு, மெஷினுக்குத் தாங்காது. நானே கையால பெருசாப் பிரிண்ட் போட்டுக் கொண்டு வரேன். நானே மாட்டி, துணி போட்டும் வைக்கிறேன்." பாவம், அவன் நன்றி சொன்னான்.

*

அரங்கம் நிறைஞ்சிருந்தது. பாதிக்கு மேல அறுபது வயசுப் பொம்பளைங்க, தங்களோட பழைய படம் மாட்டியிருக்குன்னு கேள்விப்பட்டு வந்தவங்க. துள்ளிக்கிட்டு உள்ள வந்தாங்க. வந்தவங்க படத்துக்கு முன்னாடி நின்னு, கண்ணாடியை எடுத்து மாட்டிக்கிட்டு உத்துப் பார்த்தாங்க. பையன் முந்தின நாளே பார்த்திருந்தான், அவனுக்கு வித்தியாசம் தெரியல. செம நேச்சுரலா இருக்குன்னு சந்தோஷப்பட்டுட்டுப் போனான்.

ஒரு அம்மா என் கையைப் பிடிச்சுக்கிட்டாங்க. "எங்க அம்மா சாடை எனக்கு இல்லவே இல்லைன்னு இத்தனை நாள் நினைச்சேன். இதோ அப்படியே இருக்கேனே" அப்படின்னாங்க. பக்கத்துல இன்னொரு அம்மா, "என்னது இது, என்னைக் கரிக்கட்டையாட்டம் போட்டிருக்காங்க, முதல்ல இதை எடுக்கச் சொல்லுங்க"ன்னு சத்தம் போட்டாங்க. ரெண்டு பேரு படத்துக்கும் நான் பண்ணது ஒரே வேலைதான்.

முதலாளியை நேரா மேடைக்கு அழைச்சிட்டு வந்து உட்கார வெச்சாங்க. தங்கச்சி மேடையில இடது ஓரம் உட்கார்ந்திருந்தா. சாதாரண உடை, கைப்பை மடியில. என்னைப் பார்த்தா, தலையை மட்டும் அசைச்சா. வலது ஓரத்துல 'பின்பு', முதலாளியோட அக்கா பொண்ணு. மூஞ்சியில பவுடர் விரலால வழிச்சு எடுக்கலாம், அவ்வளவு. கழுத்து வேற நிறம், கை வேற நிறம்.

பேசினாங்க, கை தட்டினாங்க. முதலாளி எழுந்து துணிக் கயித்தைப் பிடிச்சு இழுத்தாரு.

வலது பக்கம் 'பின்பு'. பென்சில் இல்லாம, மை இல்லாம, பதினெட்டு வயசுல அந்தப் பொண்ணு எப்படி இருந்தாளோ அப்படி. இடது பக்கம், 'முன்பு'ன்னு எழுதின பலகைக்கு மேல, நாலடி உயரத்துல, அன்னிக்குத் தங்கச்சிக்கு முன்னாடி அதே ஸ்டூல்ல உட்கார வெச்சு நான் எடுத்து, பெட்டியிலேயே கிடந்த முதலாளி படம். அம்மைத் தழும்பு ஒவ்வொண்ணும் எண்ணலாம். அடுப்புக்கரி நிறம். சட்டைக் காலர்ல வேர்வைக் கறை. நான் அதுல ஒரு புள்ளி வைக்கல.

முதல்ல ஒருத்தர் சிரிச்சாங்க. அப்புறம் அரங்கமே சிரிச்சிது. தியேட்டர்ல சிரிக்கிற அதே சிரிப்பு. எனக்கு அது காதுல தேன் மாதிரி பாஞ்சுது, மறைக்க மாட்டேன்.

'பின்பு' மட்டும் சிரிக்கல. எழுந்து போய்த் தன் படத்துக்கிட்ட நின்னா. "மாமா, நான் அப்பவே இந்த நிறம்தானா?" விரலால தன் கன்னத்தைத் தொட்டுப் பார்த்தா. "போன நிறம் திரும்ப வரணும்னு நாற்பது வருஷமா அந்தக் க்ரீமைத் தடவிக்கிட்டு இருக்கேனே மாமா."

அவருக்கு அவ பேசினது ஏறவே இல்லை. அப்போதான் சுவரைச் சுத்திப் பார்த்தாரு. ஒவ்வொரு படமா.  என்னைக் கண்டுபிடிச்சுக் கையை நீட்டினாரு.

"என் வேலை எல்லாத்தையும் அழிச்சிட்டா இவ."

"உங்க வேலை அப்படியே இருக்கு சார்," நான் கீழ இருந்தே சொன்னேன். "பல்பு, குடை, கேமரா, எல்லாம் இருக்கு பாருங்க. நான் என் வேலையை எடுத்துக்கிட்டேன்."

மைக் பக்கத்துல இருந்ததால நான் சொன்னது எல்லாருக்கும் கேட்டுடுச்சு. அவரு நேரா தங்கச்சி பக்கம் திரும்பினாரு. நான் எதிர்பார்த்ததுதான். 

"உன் அக்காவைப் பெரிய உத்தமின்னு நினைச்சுக்காத. உன் மூஞ்சியைக் கறுப்பாக்கினது யாரு தெரியுமா? இவதான். இந்தக் கையாலதான் ப்ளேடு போட்டா."

தங்கச்சி கைப்பையைத் தோள்ல மாட்டிக்கிட்டா. எழுந்தா. "தெரியும்"னா. செய்தி வாசிக்கிற மாதிரி, தெளிவா. அப்புறம் படியில இறங்கி, என்னைத் தாண்டி வெளிய நடந்தா.

*

பஸ் நிறுத்தத்துல போய்ப் பிடிச்சேன். எனக்கு மூச்சு வாங்குது. அவ நிதானமா நிக்கிறா.

"எப்போ இருந்து தெரியும்?"

"போஸ்டர் ஒட்டின அன்னிக்கே. கன்னத்துல இருந்த கீறல் எல்லாம் இடது பக்கமாச் சாய்ஞ்சிருந்துச்சு. அந்த ஸ்டூடியோவுல இடது கைக்காரி யாரு?"

"ரெண்டும் உன் படம்தான் போடுவேன்னு சொன்னாருடி. நான் நம்பிட்டேன்."

"அதை அன்னிக்கே வந்து சொல்லியிருந்தா அழுதிருப்பேன், சண்டை போட்டிருப்பேன், ஒரு வாரம் பேசாம இருந்திருப்பேன். நாற்பத்தோரு வருஷம் அக்கா. இன்னிக்குச் சொல்லுவா, நாளைக்குச் சொல்லுவான்னு பார்த்தேன். இன்னிக்குக் கூட அந்த ஆளுதான் சொன்னாரு, நீ சொல்லல. நீ சொல்றியான்னு பார்க்கத்தான் நான் வந்தேன்."

அவ கையைப் பிடிக்கப் போனேன். தள்ளி நின்னுக்கிட்டா.

"என் கல்யாணத்துல லென்ஸை மூடினேனே, அது யாருக்குன்னு நினைச்ச?" அவ என்னைப் பார்க்கல, ரோட்டைப் பார்த்துப் பேசினா. "அவருமேல இருந்த கோபத்துலயா? அவருக்கு எதுக்கு என் போட்டோ? அது உனக்கு. நீ முகத்தை வெச்சுப் பிழைக்கிறவ. உனக்கு என் முகம் கிடைக்கக் கூடாதுன்னுதான் ஒரு படம் எடுத்துக்காம இருந்தேன்."

உள்ள இருந்து இன்னும் சத்தம் வந்துட்டு இருந்துது. முதலாளி கத்துறாரு, யாரோ சிரிக்கிறாங்க. கொஞ்ச நேரத்துக்கு முன்னாடி தேனா இருந்தது, இப்போ எனக்கு அதைக் கேட்கவே பிடிக்கல.

"அந்த நெகட்டிவ் எங்க?"

என் பையில இருந்துது, காகித உறையில. எடுத்துக் குடுத்தேன். அவ அதை வெளிய எடுத்து, வானத்துக்கு நேராத் தூக்கிப் பார்த்தா. பதினேழு வயசு முகம், நெகட்டிவ்ல வெளுப்பா. ரொம்ப நேரம் பார்த்தா. "நல்லாத்தானே இருந்திருக்கேன்"னா. எனக்குச் சொல்லல, அவளுக்கே சொல்லிக்கிட்டா.

"அது ஒண்ணுதான் என்கிட்ட இருக்கிற உன் படம்" அப்படின்னேன். குரல் எனக்கே பிச்சை கேட்கிற மாதிரி இருந்துது.

"தெரியும். அதான் கேட்டேன்."

உறையில போட்டுக் கைப்பைக்குள்ள வெச்சு ஜிப்பை இழுத்து மூடினா. பஸ் வந்துது, ஏறிட்டா. ஜன்னல் ஓரம் உட்கார்ந்தவ திரும்பிப் பார்க்கல. இனிமே அவ முகத்தைப் பார்க்கணும்னா நான் அவ வீட்டுக்குப் போய்க் கதவைத் தட்டணும். திறப்பாளான்னு எனக்குத் தெரியல.